அடி வாங்கத் தெரிந்தவன்

செண்பகனூர்

அன்புள்ள மருமகனுக்கு,

நீ அனுப்பிய வீடியோ வந்தது. வெள்ளி நீர்வீழ்ச்சிக்கு மேலே இருக்கும் பாறையிலிருந்து நீ குதிப்பதையும், போனைப் பிடித்திருக்கும் உன் சிநேகிதன் கத்துவதையும் பார்த்தேன். கூடவே எழுதியிருந்ததையும் படித்தேன். படிப்பு முடிந்ததும் சென்னைக்குப் போகவேண்டும், சண்டைப் படங்களில் நடிக்கவேண்டும், சினிமா கிடைக்கும்வரை சீரியலானாலும் சரி, அம்மாவிடம் மாமாதான் பேசவேண்டும் என்று எழுதியிருக்கிறாய். போனில் பேசினால் எல்லாவற்றுக்கும் ‘சரி மாமா’ என்று சொல்லி வைத்துவிடுவாய். அதனால்தான் உட்கார்ந்து எழுதுகிறேன். மதுரையில் விடுதி அறையில் கூட்டம் இல்லாத நேரம் பார்த்துப் படி.

உன் ஆசை தப்பென்று சொல்ல இதை எழுதவில்லை. நம் வீட்டில் அப்படிச் சொல்ல எனக்குத்தான் உரிமை குறைவு. கோடம்பாக்கத்தில் ஒலிப்பதிவுக் கூடங்களில் எஃபெக்ட்ஸ் வேலை பார்த்து ஓடியது என் வாழ்க்கை. ஹீரோ ஓங்கிக் குத்தும்போது தியேட்டரே அதிர்கிறதே, அந்தச் சத்தம் படப்பிடிப்பில் உண்டாவதில்லை. அங்கே முஷ்டி முகத்தில் படுவதே கிடையாது. பிறகு ஒருநாள் இருட்டறையில் ஒருவன் திரையைப் பார்த்துக்கொண்டே தோல்துண்டை அறைந்தும், கனத்த துணியைக் குத்தியும், மரச்சட்டத்தை முறித்தும் அந்தச் சத்தத்தைச் செய்கிறான். அந்த இருட்டறை ஆட்களில் நானும் ஒருவன்.

அந்த வேலையில் எனக்குக் கிடைத்த முதல் பாடமே நான் உனக்குச் சொல்ல வேண்டியதும். முஷ்டியைப் பார்த்துச் சத்தம் வைத்தால் அது படத்தோடு ஒட்டவே ஒட்டாது. அடி வாங்குகிறவனைப் பார்க்கவேண்டும். அவன் தலை திரும்பும் நொடியில், தோள் இறங்கும் நொடியில், சத்தம் அங்கே போய் உட்கார்ந்தால்தான் அது அடி. குத்துவது எவ்வளவு பெரிய நடிகராக இருந்தாலும், எதிரே நிற்பவன் தலையைத் திருப்பத் தவறினால் அந்தக் குத்து காற்றில் போன கைதான். அவன் சரியாகத் திருப்பி, சரியாகத் தடுமாறி, சரியாக விழுந்தால் சுமாரான குத்துகூட இடியாகிவிடும். பல வருடம் இதையே பார்த்துப் பார்த்து எனக்கு ஒரு நம்பிக்கை ஊறிப்போய்விட்டது. சண்டைக்காட்சியை உண்டாக்குகிறவன் அடி வாங்குகிறவன். அடிக்கிறவன் அதன் பலனை எடுத்துக்கொள்கிறான், அவ்வளவுதான். நீ சண்டை நடிகனாக வேண்டுமென்றால் முதலில் வாங்கக் கற்றுக்கொள்.

ஒரு குத்து எப்படி எடுக்கப்படுகிறது என்று சொல்கிறேன். கேமரா ஒருவனுடைய முதுகுக்குப் பின்னால் நிற்கும். முஷ்டிக்கும் முகத்துக்கும் நடுவில் இருக்கும் இடைவெளி லென்ஸுக்குத் தெரியாது. இருவரும் ஸ்டண்ட் மாஸ்டர் சொல்லும் எண்ணிக்கைக்கு அசைவார்கள். ஒன்றுக்குக் கை வரும், இரண்டுக்குத் தலை போகும், மூன்றுக்குக் கால் வழுக்கும். இதைத்தான் டைமிங் என்பார்கள். ஃபிலிம் இருந்த காலத்தில் நொடிக்கு 24 பிரேமுக்குப் பதில் 22 பிரேமில் ஓடவிட்டு எடுப்பார்கள். திரையில் அது கொஞ்சம் வேகமாகத் தெரியும். வேகம் கூடக்கூடத் தவறவும் வாய்ப்புக் கூடும். அந்த இடத்தில் எதிராளியின் மூக்கு உடையாமல் இருப்பது உன் கையில் இருக்கிறது, உன் மூக்கு அவன் கையில் இருக்கிறது. திரையில் பகைவர்களாகத் தெரியும் இரண்டு பேருக்கு நடுவில் அப்படியொரு நம்பிக்கை இருந்தால்தான் அந்தக் காட்சி நடக்கும். கோபக்காரனுக்கு இந்தத் தொழிலில் இடமில்லாமல் போவது இதனால்தான். நிஜமாகவே அடித்துவிடுகிற நடிகனோடு மறுமுறை நிற்க எந்த ஃபைட்டரும் விரும்பமாட்டான்.

அடி வாங்குகிறவர்களுக்கு ஓர் உதாரணம் சொல்கிறேன். குடியாத்தத்திலிருந்து வந்த ஜூடோ ரத்தினம் ஆயிரத்துக்கும் மேற்பட்ட படங்களுக்குச் சண்டை அமைத்தவர். 2023 ஜனவரி 26-ஆம் தேதி தொண்ணூறு வயதைக் கடந்து காலமானார். 1980-இல் வந்த ‘முரட்டுக்காளை’யில் ரயில் மேல் ரஜினிகாந்த் போடும் சண்டை அவர் அமைத்ததுதான். நீ அதை யூடியூபில் பார்த்திருப்பாய். மறுபடி ஒருமுறை பார். இந்தத் தடவை ரஜினியை விட்டுவிட்டு மற்றவர்களைப் பார். ஓடுகிற ரயிலின் கூரையில் அடி வாங்கிச் சரிகிறவர்கள், விளிம்பில் தொங்குகிறவர்கள், பெயர் தெரியாத அத்தனை பேரும் தங்கள் உடம்பால் அந்தக் காட்சியைத் தாங்கியிருக்கிறார்கள். சூப்பர் சுப்பராயன், ஜாக்குவார் தங்கம் போன்றவர்கள் ஜூடோ ரத்தினத்திடம் வேலை பார்த்துப் பிறகு மாஸ்டர் ஆனார்கள். இந்தத் தொழிலில் குருகுலம் இன்னும் உயிரோடு இருக்கிறது. ஒரு மாஸ்டரிடம் ஃபைட்டராகச் சேர்ந்து, விழுந்து எழுந்து, பிறகு உதவியாளராகி, பிறகு மாஸ்டர். அந்தப் படிகளைத் தாண்டிக் குதித்தவர்கள் நிலைத்ததாக நான் பார்த்ததில்லை.

இத்தனை உழைப்புக்கும் உலகம் மரியாதை கொடுக்க வெகுநாள் எடுத்துக்கொண்டது என்பதில் எனக்கு வருத்தம் உண்டு. நம் தேசியத் திரைப்பட விருதுகளில் சண்டை அமைப்புக்கென்று தனி விருது வந்ததே 2016-ஆம் ஆண்டுப் படங்களுக்குத்தான். ‘புலிமுருகன்’ படத்துக்காகப் பீட்டர் ஹெய்ன் அதை முதலில் வாங்கினார். ஆஸ்கரில் இன்னும் மோசம். 2027-இல் வெளியாகும் படங்களிலிருந்துதான் ஸ்டண்டுக்குத் தனி விருது என்று அறிவித்திருக்கிறார்கள். சினிமா பிறந்த நாளிலிருந்து மனிதர்கள் விழுந்துகொண்டிருக்கிறார்கள், விருதுக்கு நூறு வருடத்துக்கும் மேல்.

சரி, நீ ஃபைட்டராக வேண்டும் என்று எழுதவில்லை, நடிகனாக வேண்டும் என்று எழுதியிருக்கிறாய். அந்த வித்தியாசம் எனக்குப் புரிகிறது. அதற்கு ஒருவரை எடுத்துப் பார்ப்போம். உன் அம்மாவுக்குப் பிடித்த அர்ஜுனையே எடுத்துக்கொள்கிறேன். 1981-இல் கன்னடத்தில் தொடங்கினார். 1984-இல் ‘நன்றி’ மூலம் தமிழுக்கு வந்தார். அவர் அப்பா சக்தி பிரசாத் கன்னடத்தில் நடிகர். கராத்தே தெரிந்த இளைஞன், கட்டான உடம்பு, ‘சங்கர் குரு’ போன்ற வெற்றிகள். இருந்தும் கொஞ்ச வருடத்தில் தொய்வு வந்தது. உடம்பை மட்டும் காட்டும் படங்களுக்கு ஒரு வயது உண்டு, அது முடிந்ததும் அடுத்த உடம்பு வந்துவிடும். அவர் என்ன செய்தார் பார். 1992-இல் ‘சேவகன்’ படத்தைத் தானே இயக்கினார். அடுத்த வருடம் ‘ஜென்டில்மேன்’. இயக்குநர் ஷங்கருக்கு அது முதல் படம். 1994-இல் மறுபடி தன் இயக்கத்தில் ‘ஜெய்ஹிந்த்’. 1995-இல் கமல்ஹாசனோடு ‘குருதிப்புனல்’, பாட்டே இல்லாத படம்.

பிறகு 1999-இல் ‘முதல்வன்’. ஆக்‌ஷன் கிங் என்று பெயர் எடுத்தவருக்கு அந்தப் படத்தில் சண்டைகள் இல்லாமல் இல்லை. ஆனால் ஊரில் யாரிடம் கேட்டாலும் எந்தக் காட்சியைச் சொல்வார்கள்? நாற்காலியில் உட்கார்ந்து ரகுவரனிடம் கேள்வி கேட்கும் காட்சியை. கை ஓங்குவதில்லை, எழுந்திருப்பதுகூட இல்லை. அந்தக் காட்சியையும் நான் என் தொழில் கண்ணால்தான் பார்த்தேன். ஒவ்வொரு கேள்வியும் எங்கே போய் விழுகிறது என்று ரகுவரனின் முகம்தான் காட்டுகிறது. அங்கேயும் வாங்குகிறவன்தான் அடியை உண்டாக்குகிறான். அப்படியொரு எதிராளிக்குச் சமமாக உட்கார அர்ஜுனிடம் நடிப்பு இருந்தது. அதனால்தான் 2013-இல் ‘கடல்’, 2018-இல் ‘இரும்புத்திரை’, 2023-இல் ‘லியோ’ என்று வில்லன் பக்கம் நகர்ந்து நிற்க முடிந்தது. இடையில் 2021-இல் ஜீ தமிழில் ‘சர்வைவர்’ நிகழ்ச்சியையும் நடத்தினார். நாற்பது வருடம் தாண்டிய தொழில் வாழ்க்கையில் உடம்பு கொடுத்தது தொடக்கத்தை மட்டும்தான்.

சீரியலைப் பற்றி நீ ‘கிடைக்கும்வரை’ என்று எழுதியிருந்தது எனக்குப் பிடிக்கவில்லை. அதை ஒரு வெயிட்டிங் ரூம் போல நினைக்காதே. ‘சித்தி’ சீரியலில் டேனியல் என்ற பாத்திரத்தில் நடித்த பாலாஜிக்கு அந்தப் பெயரே ஒட்டிக்கொண்டு டேனியல் பாலாஜி ஆனார். ‘காக்க காக்க’வில் போலீஸ்காரர், 2006-இல் ‘வேட்டையாடு விளையாடு’வில் நெஞ்சை உறைய வைக்கும் வில்லன், அடுத்த வருடம் ‘பொல்லாதவன்’. அவர் 2024 மார்ச் 29-இல் மாரடைப்பில் இறந்தபோது வயது ஐம்பதுகூட ஆகவில்லை. அவர் வில்லத்தனத்தில் உரத்த குரல் இருந்ததா என்று யோசித்துப் பார். கண்ணாலேயே பயமுறுத்தினார். சின்னத்திரை பெரும்பாலும் முகத்தை நெருங்கிக் காட்டும் இடம், கண்ணை வைத்து நடிக்கப் பழகாதவன் அங்கே பிழைக்க முடியாது. விஜய் சேதுபதியும் ‘பெண்’ என்ற சீரியலில் நடித்திருக்கிறார். ‘மெட்டி ஒலி’யில் பார்த்த போஸ் வெங்கட்டை இன்று எத்தனை படங்களில் பார்க்கிறோம்.

ஆனால் ஒன்று தெரிந்துகொள். சினிமாவில் இரண்டு நிமிடச் சண்டைக்கு நாள்கணக்கில் எடுப்பார்கள். சீரியலில் தினமும் ஒரு எபிசோடு போயாக வேண்டும், கால்ஷீட் முடிவதற்குள் சீனும் முடியவேண்டும். ரிகர்சலுக்கு நேரம் கேட்டால் முகம் சுளிப்பவர்களும் உண்டு. தள்ளிவிட்டால் விழுவது, மாடிப்படியில் உருள்வது, கன்னத்தில் அறை என்று சின்னச் சின்ன விஷயங்கள்தான் அங்கே அதிகம். அவற்றில்தான் அலட்சியமும் அதிகம். மேட் போடாமல் படியில் உருளச் சொன்னால் உருளாதே. சினிமாவில் ஐம்பதடி உயரத்துக்கு எடுக்கும் கவனத்தை ஐந்தடிக்கும் எடுக்கவேண்டும். முதுகெலும்புக்கு பட்ஜெட் தெரியாது.

இனி எழுதப்போவதைப் படிக்க உனக்குக் கசக்கும். இருந்தும் படி.

நம் சோழவரத்தில், சென்னைக்குப் பக்கத்தில், 1980 நவம்பர் 16 அன்று ‘கோளிளக்கம்’ என்ற மலையாளப் படத்தின் உச்சக்காட்சி எடுத்தார்கள். நாயகன் ஜெயன். கடற்படையில் இருந்து வந்தவர், கேரளமே கொண்டாடிய அதிரடி நடிகர், 41 வயது. பறக்கும் ஹெலிகாப்டரில் தொங்கும் காட்சிக்கு டூப் வேண்டாம் என்று தானே செய்தார். ஹெலிகாப்டர் நிலை தடுமாறித் தரையில் மோதியது. அவர் பிழைக்கவில்லை. முதலில் எடுத்ததே ஓகே ஆகிவிட்டது, இன்னும் நன்றாக வரட்டும் என்று மறுபடி எடுக்கச் சொன்னவர் ஜெயன்தான் என்று அன்றிலிருந்து சொல்லிவருகிறார்கள். நான் கோடம்பாக்கத்தில் சேர்ந்த புதிதில் இந்தக் கதையை வீரக் கதையாகத்தான் சொன்னார்கள். எனக்கு அது ஒருநாளும் வீரக் கதையாகத் தோன்றியதில்லை. அவர் இன்னும் முப்பது வருடம் நடித்திருக்கலாம்.

அது பழைய காலம் என்று நினைப்பாய். 2016 நவம்பர் 7-இல் பெங்களூருக்கு அருகே திப்பகொண்டனஹள்ளி நீர்த்தேக்கத்தில் ‘மாஸ்தி குடி’ படத்துக்காக ஹெலிகாப்டரிலிருந்து தண்ணீரில் குதித்த அனில், உதய் என்ற இரண்டு நடிகர்கள் மூழ்கி இறந்தார்கள். அவர்களுக்கு உயிர்காப்பு உடை கொடுக்கப்படவில்லை. கூடவே குதித்த ஹீரோ கரை சேர்ந்தார். இரண்டு பேரும் உன்னைப் போல உடம்பை வளர்த்து, வாய்ப்புக்குக் காத்திருந்து, வில்லன் வேடத்துக்கு வந்தவர்கள். 2024 ஜூலையில் சென்னையில் ‘சர்தார் 2’ படத்தின் ஒத்திகையில் உயரத்திலிருந்து விழுந்து ஏழுமலை என்ற ஸ்டண்ட் கலைஞர் இறந்தார். 2025 ஜூலை 13-இல் நாகப்பட்டினம் மாவட்டத்தில் ‘வேட்டுவம்’ படப்பிடிப்பில் காரைக் கவிழ்க்கும் காட்சியில் மோகன்ராஜ் இறந்தார். அவர் பல வருடம் அனுபவம் உள்ளவர். அந்த வீடியோ எல்லார் போனிலும் சுற்றியது. நீயும் பார்த்திருப்பாய். இவர்களில் யாரும் தைரியம் குறைந்ததால் சாகவில்லை. எல்லாரிடமும் தைரியம் வேண்டியதைவிட அதிகமாகவே இருந்தது. இந்தத் தொழிலில் அரிதாகக் கிடைப்பது தைரியம் கிடையாது, நின்று நிதானித்துக் கேட்கும் ஒரு கேள்வி. கயிற்றை யார் சோதித்தது? ஆம்புலன்ஸ் எங்கே நிற்கிறது? தண்ணீருக்குள் யார் இருக்கிறார்கள்?

நம் மலையிலேயே இதற்கு ஒரு பாடம் இருக்கிறது. தூண் பாறைப் பக்கம் இருக்கும் குகையை வெள்ளைக்காரர்கள் பேயின் சமையலறை என்று பெயர் வைத்துப் போனார்கள். 1991-இல் ‘குணா’ அங்கே எடுக்கப்பட்ட பிறகு அது குணா குகை ஆயிற்று. கமல்ஹாசனும் யூனிட்டும் அந்த இறக்கத்தில் கேமராவோடும் விளக்குகளோடும் இறங்கி ஏறிய உழைப்பை நினைத்தால் இன்றும் மலைப்பாக இருக்கிறது. பிறகு 2006-இல் எர்ணாகுளம் பக்கத்து மஞ்ஞும்மலிலிருந்து வந்த பையன்களில் ஒருவன் அங்கே பள்ளத்தில் விழுந்ததும், நண்பன் ஒருவன் கயிறு கட்டி இறங்கி அவனை மேலே கொண்டுவந்ததும் உனக்குத் தெரிந்ததுதான். அதைப் படமாக்கி 2024-இல் வெளியிட்டவர்கள் என்ன செய்தார்கள்? அந்தப் பள்ளத்தைப் பெரும்பாவூரில் செட்டாகப் போட்டார்கள். பாறையின் ஈரம், வேர், இருட்டு, எல்லாவற்றையும் கையால் செய்தார்கள். நம் ஊர்க்காரர்களான நாமே தியேட்டரில் மூச்சைப் பிடித்துக்கொண்டு பார்த்தோம். செட் என்று தெரிந்தும் என் கை நாற்காலியைவிட்டு அகலவில்லை. பார்க்கிறவனுக்குப் பயம் வரவேண்டும், நடிக்கிறவன் சாயங்காலம் வீட்டுக்குப் போகவேண்டும். இரண்டும் சேர்ந்து நடந்தால்தான் அது கலை.

அதனால் உன் வீடியோவுக்கு வருகிறேன். அந்தப் பாறையில் பாசி பிடித்திருக்கும். மழை இல்லாத மாதத்திலும் பனி இறங்கிக் காலை பத்து மணிவரை ஈரம் காயாது. உனக்கு இது தெரியாமல் இல்லை, இங்கே பிறந்தவன் நீ. கீழே ஆழம் என்ன என்று யாரும் பார்க்கவில்லை. விழுந்தால் தூக்க ஒருவன்தான் இருந்தான், அவன் கையிலும் போன். ஒரு ஸ்டண்ட் மாஸ்டர் இந்த வீடியோவைப் பார்த்தால் உனக்கு வாய்ப்புக் கொடுப்பார் என்று நினைக்கிறாயா? நிதானம் இல்லாத பையன், யூனிட்டில் வைத்துக்கொண்டால் ஆபத்து என்றுதான் நினைப்பார். அந்த வீடியோவை அழித்துவிடு. இனி அந்தப் பாறைக்குப் போகாதே. மற்ற எல்லாம் யோசனை, இது ஒன்று மட்டும் கட்டளை.

மாட்டேன் என்று சொல்வது எப்படி என்று கேட்பாய். புதிதாக வந்தவன் மாஸ்டரிடம் எப்படி மறுப்பது, மறுத்தால் நாளைக்கு யார் கூப்பிடுவார்கள்? நியாயமான கேள்வி. அதற்காகத்தான் சங்கம் இருக்கிறது. ஃபைட்டர்களுக்கு ஸ்டண்ட் சங்கம், நடிகர்களுக்கு நடிகர் சங்கம், இன்னும் பல தொழில்களைச் சேர்த்து ஃபெப்சி. உறுப்பினர் அட்டை வாங்கும்வரை பொறு. அட்டை இல்லாமல் குறைந்த காசுக்கு ஆபத்தான வேலைக்குக் கூப்பிடுகிறவர்கள் வருவார்கள். அவர்களுக்கு உன் உடம்பு மலிவாகத் தெரிகிறது என்பதைத் தவிர அந்த அழைப்பில் வேறு பொருள் இல்லை. நல்ல மாஸ்டர், ‘முடியாது, இன்னொரு தடவை ரிகர்சல் வேணும்’ என்று சொல்லும் பையனைத்தான் மதிப்பார். நான் பார்த்த பெரிய மாஸ்டர்கள் எல்லாரும் பயந்தாங்கொள்ளிகள் போல ஒவ்வொரு முடிச்சையும் தொட்டுத் தொட்டுப் பார்க்கிறவர்கள்.

எதிரே நிற்பவனை மதிப்பது என்றால் எப்படி என்பதற்கு மதுரைக்காரர் ஒருவரைச் சொல்லாமல் இருக்க முடியாது. விஜயகாந்த் நிறத்தைக் காட்டி ஒதுக்கப்பட்டு, 1979-இல் ‘இனிக்கும் இளமை’யில் நுழைந்து, 1984-இல் ஒரே வருடத்தில் 18 படங்கள் கொடுத்தவர். அவர் படங்களில் வில்லன் எப்போதும் பலசாலி. 1990-இல் ‘புலன் விசாரணை’யில் எதிரே நின்ற சரத்குமார் பிறகு பெரிய ஹீரோ ஆனார். அடுத்த வருடம் விஜயகாந்தின் 100-ஆவது படமான ‘கேப்டன் பிரபாகரன்’ வந்தது. மன்சூர் அலிகானை ஊரெல்லாம் பேசவைத்த படம் அது. தன்னைவிட உயரமாக ஒருவனை எதிரே நிறுத்தப் பயப்படாத ஹீரோ அவர். அவர் யூனிட்டில் ஹீரோவுக்கு என்ன சாப்பாடோ அதுதான் லைட்மேனுக்கும் ஃபைட்டருக்கும் என்று தொழிலாளிகள் இன்றும் சொல்கிறார்கள். 2023 டிசம்பரில் அவர் இறந்தபோது வந்த கூட்டத்தில் அந்தச் சாப்பாட்டைச் சாப்பிட்டவர்கள் நிறையப் பேர் இருந்தார்கள்.

காசு விஷயம் ஒன்று. பொன்னம்பலம் ஃபைட்டராக இருந்து வந்தவர். 1994-இல் ‘நாட்டாமை’, அடுத்த வருடம் ‘முத்து’, அவர் வந்து நின்றாலே தியேட்டர் பொங்கும். 2018-இல் பிக் பாஸ் வீட்டிலும் பார்த்தோம். அத்தனை புகழுக்குப் பிறகு சிறுநீரகம் பழுதாகி, சிகிச்சைக்கு உதவி கேட்கும் நிலை அவருக்கு வந்தது. சினிமா நண்பர்கள் உதவினார்கள், 2023-இல் மாற்று அறுவை சிகிச்சை நடந்தது. அவருக்கே இப்படியென்றால் பெயர் தெரியாதவர்களுக்கு? வேலை இருக்கும் மாதத்தில் வரும் பேட்டாவை வேலை இல்லாத மாதத்துக்குப் பிரித்து வை. மருத்துவக் காப்பீடு எடுக்காமல் ஒருநாளும் கயிற்றில் ஏறாதே. டிகிரியை முடி, அரியர் வைக்காமல் முடி. அடிபட்டு ஆறு மாதம் படுக்க நேர்ந்தால் அந்த ஆறு மாதம் சோறு போட வேறொரு கை இருக்கவேண்டும்.

இப்போதைக்கு நீ மதுரையில் இருப்பது நல்லதாயிற்று. சிலம்பத்துக்கு அதைவிட நல்ல ஊர் ஏது? ஜிம்முக்குப் போகிற காசை ஓர் ஆசானிடம் கொடு. கம்பை உடனே கையில் தரமாட்டார்கள், முதலில் காலடிதான். சலிப்பாக இருக்கும், விடாதே. திரைச்சண்டையில் அடிபடுகிறவர்களில் பாதிப்பேர் காலை வைக்கத் தெரியாமல் அடிபடுகிறவர்கள். அதோடு நீச்சலை முறையாகக் கற்றுக்கொள். நம் ஊர் ஓடையில் காலை நனைத்தது நீச்சல் இல்லை. விழுவதற்கு ஜூடோ. தாடையை நெஞ்சோடு சேர்ப்பது, கையை ஊன்றாமல் தோளில் உருள்வது, மூச்சை எப்போது விடுவது என்று அங்கே ஒழுங்காகச் சொல்லித்தருவார்கள். பிறகு நாடகம். ந. முத்துசாமி 1977-இல் தொடங்கிய கூத்துப்பட்டறையிலிருந்து பசுபதி, விமல், குரு சோமசுந்தரம் என்று எத்தனை பேர் வந்தார்கள். விஜய் சேதுபதி அங்கே கணக்கு எழுதிக்கொண்டே கவனித்தவர். தரமணியில் அரசாங்கத்தின் எம்.ஜி.ஆர். திரைப்படப் பயிற்சி நிறுவனமும் இருக்கிறது, விசாரித்து வை. மதுரையில் மேடை நாடகக் குழு எது கிடைத்தாலும் சேர். வசனமே இல்லாத வேடம் கொடுத்தாலும் வாங்கிக்கொள். மேடையில் இன்னொருவன் பேசும்போது சும்மா நின்று கேட்கக் கற்றுக்கொள்வது, அடி வாங்கக் கற்றுக்கொள்வதன் இன்னொரு பகுதி.

நான் இங்கே பனிக்காலம் முழுக்க இருப்பேன். ஃபைனல் பரீட்சை முடிந்த பிறகும் உன் எண்ணம் மாறாமல் இருந்தால், வடபழனியில் இன்னும் வேலையில் இருக்கும் பழைய நண்பர் ஒருவரிடம் உன்னை நானே கூட்டிப்போகிறேன். நடிக்க வைக்கச் சொல்ல மாட்டேன். ஒரு மாதம் படப்பிடிப்பில் மேட் தூக்கிப் போடவும், கயிறு சுருட்டவும், ஃபைட்டர்களுக்குத் தண்ணீர் கொடுக்கவும் விடச்சொல்வேன். அந்த ஒரு மாதம் முடிந்ததும் இது உனக்கு வேண்டுமா என்று நீயே முடிவு செய்.

அம்மாவிடம் நான் பேசமாட்டேன். நீ பேசு. அவள் முதலில் அழுவாள், பிறகு திட்டுவாள், இரண்டு நாள் போன் எடுக்கமாட்டாள். மூன்றாம் நாள் அவளே கூப்பிட்டுச் சாப்பிட்டாயா என்று கேட்பாள். அப்போது சிலம்ப ஆசானைப் பார்த்துவிட்டேன், சேர்ந்துவிட்டேன் என்று சொல்லும்படி இந்த வாரமே போய்ச் சேர். மாதக் கட்டணம் எவ்வளவு என்று கேட்டு எனக்கு எழுது, நான் அனுப்புகிறேன்.

அன்புடன்,
மாமா